வேறு யாரும் பயன்படுத்தக்கூடும்

காலை ஏழரைக்குச் செங்குட்டுவன் போன் செய்தார்.
கொள்முதல் நிலையத்துக் கணினி
ஒரு சின்னப் பெட்டியைக் காட்டிவிட்டு நிற்கிறதாம்.
என்ன எழுதியிருக்கு என்றேன்.
"எதையோ காணோம்னு எழுதியிருக்கு ரைஹானா.
ஊர் நெல்லு மொத்தமும் வாசல்ல கெடக்கு,
எதையோ காணோம்ங்குது."

கூத்தாநல்லூரிலிருந்து பதினான்கு கிலோமீட்டர்.
வெண்ணாற்றுக் கரையோடு வண்டியை விரட்டினேன்.
ஐப்பசி வானம்
பிழியாத துணிபோலத் தொங்கியது.

முதல் நாள் மாலை
இடமில்லை, இடமில்லை என்று கணினி முனகியதில்
உதவிக்கு வந்த பையன் சுத்தம் செய்திருக்கிறான்.
படங்கள் திறந்தன, விட்டுவைத்தான்.
பாட்டுகள் பாடின, விட்டுவைத்தான்.
இதை இரண்டு முறை தட்டினான்.
தட்டினால் வாய் திறக்காத ஒன்றுக்கு
எதற்கு இங்கே குடியிருப்பு?

அதன் பெயருக்குப் பொருள் கிடையாது.
ஏழெட்டு எழுத்தும் எண்ணும், ஒரு புள்ளி,
பிறகு டிஎல்எல்.
தானாக எதையும் செய்யாது.
ஆனால் தசமப் புள்ளியை எங்கே வைப்பதென்று
எடை நிரலுக்குத் தெரியாது,
இதைக் கேட்டுத்தான் வைக்கும்.
தேதியை எப்படி எழுதுவதென்று பட்டியல் நிரல் இதைக் கேட்கும்.
டோக்கன் நிரலும் இதன் வாசலுக்கே வரும்.
எவரோ ஒருமுறை எழுதிப்
பொதுவில் வைத்துவிட்டுப் போனது.

நிரல் எழும்போது
முதலில் தன் கோப்புறையில் தேடும்,
அப்புறம் சிஸ்டம் கோப்புறையில்,
அப்புறம் சொல்லிவைத்த இடமெல்லாம்.
எங்கும் இல்லையா, எழாமலே படுத்துவிடும்.
உத்தேசமாக ஒரு கணக்கும் போடாது.
அந்த நேர்மை எனக்குப் பிடிக்கும்.
குவியல் பக்கத்தில் குந்தியிருப்பவர்களிடம்
அதைச் சொல்ல முடியாது.

என் பென் டிரைவில் இருந்ததை ஒட்டினேன்.
பெட்டியில் எழுத்து மாறியது, பெட்டி போகவில்லை.
ஜன்னலில் உத்திராபதி எட்டிப் பார்த்தார்.
"பேரு சரியாத்தானம்மா இருக்கு?"
பேரு சரிதான்.
இது அறுபத்து நான்கு பிட்டுக்கு வார்த்தது,
இந்தக் கிழட்டு நிரல் முப்பத்திரண்டு.

இணையத்தில் சும்மாவே தருவார்கள்.
கூட எதைச் சேர்த்துத் தருவார்களோ தெரியாது.
மூன்று கிலோமீட்டரில் அடுத்த நிலையம்,
அதே வருஷத்துக் கணினி.
போய் நகலெடுத்தேன்.
அங்கே எதுவும் குறையவில்லை,
அவர்கள் பட்டியல் அச்சாகிக்கொண்டே இருந்தது.
மதகிலிருந்து எடுத்திருந்தால்
யார் வயலிலோ ஒரு விரற்கடை இறங்கியிருக்கும்.

திரும்பும்போது பிடித்துக்கொண்டது.
பத்தே நிமிஷம்.
தார்ப்பாய் போதாத குவியல்கள்
ஓரங்களில் கறுத்தன.

ஒட்டினேன். எடை எழுந்தது, டோக்கன் எழுந்தது,
பட்டியல் கொஞ்சம் யோசித்து எழுந்தது.
செங்குட்டுவன் கைதட்டியே விட்டார்.
முதல் டோக்கன் உத்திராபதி.
ஈரப்பதமானி சொன்னதை உள்ளிட்டார்கள்.
பதினேழு, புள்ளி, எட்டு.
பதினேழுக்கு மேல் எடுக்க மாட்டார்கள்.
புள்ளி
மிகச் சரியான இடத்தில் விழுந்திருந்தது.

"நேத்து பதினாறரைதான் இருந்துச்சு,"
என்றார், என்னிடம் இல்லை, திரையிடம்.

பழைய விண்டோஸ்
ஒரு நிரலை நீக்கும்போது இடையில் நிறுத்திக் கேட்கும்:
இது பொதுக்கோப்பு.
வேறு யாரும் பயன்படுத்தக்கூடும்.
இதையும் நீக்கவா?
அவ்வளவு மரியாதையாக
இந்த ஆற்றங்கரையில் யாரும் யாரையும் கேட்டு நான் பார்த்ததில்லை.
கையால் அழிப்பவனை மட்டும்
அதுவும் அப்படிக் கேட்காது.

செங்குட்டுவன் முந்நூறு ரூபாய் தந்தார்.
பையனைத் திட்ட வேண்டாம் என்றேன்.
மழை விட்டு வெயில் சுள்ளென்று அடித்தது.
திரும்பும் வழியில் பாதிச் சாலையில்
உத்திராபதி நெல்லைக் காலால் கிளறி நடந்துகொண்டிருந்தார்.
மீதிப் பாதியில்
மெதுவாக வந்தேன்.