ஒரு வரிக்கு நாற்பத்திரண்டு எழுத்து

நிமிடத்துக்கு முப்பத்தைந்து ரூபாய்.
ஒரு வரியில் நாற்பத்திரண்டு எழுத்துக்கு மேல் கூடாது.
மலையாளத்தில் அவர்கள் அழுதால்
தமிழில் நான் சுருக்கமாக அழ வேண்டும்.

களியக்காவிளையில், கோழிக்கடைக்கு மேலே
என் அறை.
கீழே எந்த பாஷையில் விலை கேட்டாலும்
கோழி ஒன்றுதான்.

ஆறாம் பகுதி. நாற்பத்தோராம் நிமிடம்.
தோணிக்காரன் சாகிறான்.
கடைசியாக அவன் கேட்பது: வெள்ளம்.
இதில் மொழிபெயர்க்க என்ன இருக்கிறது?
குழித்துறை ஆஸ்பத்திரியில் என் அண்ணனும்
இந்தச் சொல்லைத்தான் கேட்டான்.
கொடுக்கக் கூடாது என்று டாக்டர் சொல்லியிருந்தார்.
அப்படியே போட்டேன்.

சென்னையிலிருந்து நிரஞ்சனா சிவப்பில் எழுதினாள்:
'காட்சியில் வெள்ளமே வரவில்லையே,
ஆறு வற்றித்தானே கிடக்கிறது?'
எங்கள் ஊரில் அதைக் குடிப்போம் என்று
விளக்கி அனுப்பினேன்.
பதிலாக ஒரு சிரித்த முகம் வந்தது.
பிறகு, 'தர்மபுரியில் புரியாது ஷைனி.'

வெள்ளிக்கிழமை நள்ளிரவு
ஏழு மொழிகளில் ஒரே நேரத்தில்
அவன் செத்தான்.

சனிக்கிழமை, மார்த்தாண்டம் போகிற பஸ்.
பக்கத்து சீட்டுப் பையன்
காதில் வெள்ளைக் குமிழ்கள் செருகி
ஒன்றரை மடங்கு வேகத்தில் பார்த்துக்கொண்டிருந்தான்.
கல்யாணத்தைத் தள்ளினான். மழையைத் தள்ளினான்.
மூன்று ராத்திரி நான் உட்கார்ந்து எழுதிய சண்டைக்குக்
கட்டைவிரலால் இரண்டு தட்டு.
பகுதி முடிந்து என் பெயர் ஏறி வருமுன்
எப்போதும் அடுத்தது தொடங்கிவிடும்.
ஷைனி ரோஸ் என்று ஒருத்தி இருப்பது
கம்பெனியில் சம்பளம் போடுகிறவருக்குத் தெரியும்,
அதுவும் மாதக் கடைசியில்.

படந்தாலுமூட்டில் பஸ் நின்றுவிட்டது.
முன்னால் கருங்கல் லாரிகள். வெயில்.
தோணிக்காரன் வாய் திறந்தான்.
கீழே மஞ்சள் எழுத்தில்: தண்ணீர்.

பையன் அங்கேயே நிறுத்தினான்.
ஒரு காதை மட்டும் கழற்றிக்கொண்டு
என் பக்கம் திரும்பினான்:
'அக்கா, இத்திரி வெள்ளம் உண்டா?'

பாட்டிலைக் கொடுத்தேன்.
அண்ணாந்து, தொண்டை ஏறி இறங்க,
சாதாரண வேகத்தில் குடித்தான்.
அவன் மடியில்
செத்துக்கொண்டிருந்தவன்
திறந்த வாயோடு காத்திருந்தான்.