ஒன்பதாவது தட்டு

டுலூத்தில் ஏரி உறைந்த வாரம்
மாடியிலிருக்கும் வீட்டுக்காரி லோர்னா கிவேலா
ஒரு காலிப் பாக்கெட்டைக் கொண்டுவந்து
என் மேசைமேல் வைத்து நீவிவிட்டாள்.
எலுமிச்சை வளையங்கள். பன்னிரண்டு எண்ணம்.
கம்பெனி அந்தக் குக்கியை நிறுத்திப்
பத்தொன்பது வருஷமாகிறதாம்.
"பின்பக்கம் படி. என் கண்ணாடி பஸ்ஸில் இருக்கிறது."

கோதுமை மாவு, சர்க்கரை, தாவரக் கொழுப்பு,
மோர்ப்பொடி, உப்பு,
இயற்கையானதும் செயற்கையானதுமான மணம்.
அதற்கப்புறம் கிழிந்திருந்தது.

பள்ளிக்கூட பஸ் ஓட்டுகிறவளைக்
காலை ஒன்பதிலிருந்து மதியம் இரண்டுவரை
ஊரில் யாரும் தேடுவதில்லை.
அந்த ஐந்து மணிநேரத்தில் சுட்டாள்.
நடு ஓட்டையை லிப்ஸ்டிக் மூடியால் வெட்டினாள்.
இரவு ஷிப்ட் முடித்து வரும் நான்
படுக்குமுன் தின்று பார்க்க வேண்டும்.
வாடகை ஒப்பந்தத்தில் இது இல்லை.

முதல் தட்டு கரிந்தது.
மூன்றாவது, வாயில் போட்டதும் மாவாகிப்
பல்லிடுக்கில் குடியேறியது.
ஆறாவதைக் கடித்தபோது
அப்போதுதான் துடைத்த
ஆஸ்பத்திரி வராந்தா ஞாபகம் வந்தது.
சொன்னேன். குறித்துக்கொண்டாள்.

ஒன்பதாவதில்
வெண்ணெய் போட்டிருந்தாள், நிஜ வெண்ணெய்.
எலுமிச்சைத் தோலைச் சர்க்கரையோடு
விரலால் கசக்கிப் பிசைந்திருந்தாள்.
ஓரம் மொறுமொறுவென்று, நடுவே கொஞ்சம் இளகி.
நின்றபடியே ஏழு தின்றேன்.
எட்டாவதுக்குக் கை நீட்டியபோது தட்டைப் பிடுங்கினாள்.
"நன்றாயிருக்கிறதா?"
"ரொம்ப."
"அப்படியானால் தப்பு."
மிச்சத்தைப் பின்வாசலில் காக்கைகளுக்குக் கொட்டினாள்.

ஃபார்கோவிலிருந்து தங்கை ஐலி, போனில்:
"அது ஒருநாளும் மொறுமொறுப்பாய் இருந்ததில்லை."
"இருந்தது."
"நமத்துப்போய்த்தான் இருந்தது லோர்னா.
நாம் எங்கே வாங்கினோம், யோசித்துப் பார்."
இரண்டு வாரம் பேச்சு வார்த்தை இல்லை.

எங்கே வாங்கினார்கள் என்பதை
பிப்ரவரியில் ஒருநாள் அவளாகச் சொன்னாள்.
காசு போட்டுத் துணி துவைக்கிற கடையில்,
டிரையர்களுக்கு நடுவே நின்ற கண்ணாடிப் பெட்டியில்,
மூன்றாம் வரிசை, இடது ஓரம்.
யாரும் தொடாத வரிசை.
கம்பிச்சுருள் ஒரு சுற்றுச் சுற்றும், தொப்பென்று விழும்,
மாதக்கணக்காய்ச் சோப்பு ஆவியில் கிடந்த பாக்கெட்.

சொல்லிவிட்டுச் சும்மா உட்கார்ந்திருந்தாள்.
பிறகு பதினான்காவது தட்டை
(டப்பாக் கொழுப்பு, பாட்டில் எசன்ஸ்)
நிலவறைக்குக் கொண்டுபோய்
டிரையர்மேல் திறந்தபடி வைத்தாள்.
பதினொரு நாள் என் சட்டைகள்
அதற்குக் கீழே சுழன்றன.

பன்னிரண்டாம் நாள்
சுண்டுவிரலில் ஒரு வளையத்தை மாட்டிச்
சுற்றிலும் கொறித்தபடி ஏறி வந்தாள்.
விரல் மட்டும் மிஞ்சும்வரை
படிக்கட்டிலேயே நின்றாள்.
எனக்கும் ஒன்று தந்தாள்.
அட்டை. கொஞ்சம் சோப்பு.
எங்கேயோ தூரத்தில் ஓர் எலுமிச்சை.
"இதுவா?"
"இதேதான்."
அந்த முகத்தைப் பார்த்தபின்
எதிர்த்துப் பேச வாய் வரவில்லை.

ஐலிக்கு ஒரு டப்பா தபாலில் போயிற்று.
பதில் வந்தது:
இன்னும் நமக்க வேண்டும்.
டப்பாவைத் திருப்பித் தர மாட்டேன்.

எல்லாம் சரி.
நேற்று மெல்லக் கேட்டேன், அந்த ஒன்பதாவது...
நோட்டைப் புரட்டினாள்.
எட்டுக்கு முழுப் பக்கம். பத்துக்கு முழுப் பக்கம்.
ஒன்பதுக்கு எதிரே
"வெண்ணெய். கூடாது."
அவ்வளவுதான்.

உலகத்தில் அதைத் தின்றவர்கள்
நானும் சில காக்கைகளும்.

இன்று ஷிப்ட் முடிந்து வருகிற வழியில்
நாலு எலுமிச்சையும் ஒரு பவுண்டு வெண்ணெயும் வாங்கினேன்.
அடுப்பைச் சூடேற்றிவிட்டு
மின்கட்டண உறையின் பின்பக்கத்தில்
ஞாபகம் இருப்பதை எழுதுகிறேன்:
ஓரம் மொறுமொறுப்பு.
நடுவே இளக்கம்.

நடுவே
ஓட்டைதானே இருந்தது?