முதலில் ஓடுகிறவன்

பதினோரு வருஷம் நான் பார்த்ததெல்லாம்
கலந்தர் நைனாவின் முதுகு.
நான்காம் எண்.
முதல் பாதி முடிவதற்குள்
எண்ணைச் சுற்றி வேர்வை ஏறி
அது ஒரு தீவாகிவிடும்.

கோல்கீப்பருக்கு முகமுள்ளவர்கள் எதிராளிகள் மட்டும்.
தன் ஆட்களை அவன் பிடரி வைத்தே அறிவான்.

பெனால்டி கார்னர் பார்த்திருக்கிறீர்களோ என்னவோ.
கோட்டுக்குப் பின்னால் நாங்கள் ஐந்து பேர்.
பந்து அசைந்ததும் எங்களில் ஒருவன்
அடிக்கப்போகிறவனை நோக்கி
நேராக ஓட வேண்டும்.
பந்தைப் பிடிக்க அல்ல,
பந்து வரும் வழியாக இருக்க.
மற்ற அணிகளில் இதற்குச் சீட்டுக் குலுக்குவார்கள்.
எங்கள் வங்கி அணியில்
சீட்டு எழுதக் காகிதம் செலவானதில்லை.

தொடையில் பந்தின் அச்சு,
அதன் குழிகளோடு.
சிவந்து, கறுத்து, மஞ்சளாகி,
அது ஆறுவதற்குள் பக்கத்திலேயே அடுத்தது.
ஒரு பல். மூன்று நகம்.
இடது முழங்காலில் இரண்டு முறை கத்தி.

கோல் போட்டவனுக்குக் கணக்கேட்டில் கட்டம் உண்டு.
விழாமல் போன கோலை எந்தக் கட்டத்தில் எழுத?
கலந்தர் பேருக்கு நேரே மொத்தம் ஒன்றுதான்:
நாசிக், அரையிறுதி,
அவன் மட்டையில் பட்டுத் திரும்பி
என் வலையில் விழுந்தது.
பந்தை எடுத்து என் கையில் கொடுத்துவிட்டுச் சொன்னான்:
"மாப்ள, கணக்கத் தொறந்தாச்சு."

அவன் ஊர் வாலிநோக்கம்.
உப்பளத்துக்கு அப்பால் சித்திரையில் தரவை காய்ந்து
வெள்ளையாக இறுகிக் கிடக்குமாம்.
சீமைக்கருவேலங் கொம்பில் வளைவு பார்த்து வெட்டி
பையன்கள் ஆடியிருக்கிறார்கள்.
உப்பில் பந்து நிற்காது.
அடிக்கத்தான் எல்லோரும் வந்தார்கள்.
நிறுத்த ஆளில்லை.
இவன் நின்றான்.
அவ்வளவுதான் கதை என்பான்.

ஜலந்தர் விடுதியில் ஒரு டிசம்பர் ராத்திரி
எவனோ சேனல் மாற்ற, பனிக்கட்டித் தரையில் ஹாக்கி.
கண்ணாடிச் சுவரில் ஆளை ஆள் நசுக்கினார்கள்.
நாங்கள் கோலைப் பார்த்தோம்.
கலந்தர், பின்னால் ஒருவன்
முட்டி மடக்கிப் படுத்துப் பந்தை மறித்ததைப் பார்த்தான்.
(பந்துகூட இல்லை, கறுப்பாக ஒரு வில்லை.)
"இவனுக்கு முட்டி வீங்கினா
ஐஸ் தேடி அலைய வேண்டாம்ல" என்றான்.
அப்போது அவன் காலில்
ஐஸ் கட்டிய துண்டு சொட்டிக்கொண்டிருந்தது.

முப்பத்திமூன்றில் கடிதம் வந்தது.
இரண்டு வரி.
இரண்டாவது வரியில் நன்றி.

போன ஐப்பசியில் கோவில்பட்டியிலிருந்து பஸ் மாறி மாறி
அவனைப் பார்க்கப் போனேன்.
கீழக்கரைப் பாதையில் ஐஸ் கம்பெனி.
வாடைக்காற்று, மீன் வண்டிகள், ஹார்ன்.
சறுக்குப் பலகையில் பாளம் பாளமாக இறங்கி வருகிறது ஐஸ்.
கீழே, கையில் இரும்புக் கொக்கியோடு
குனிந்து நிற்கிறான்.
இடுப்பு தாழ்ந்து, எடை முன்பாதத்தில்.
கோச் கத்திக் கத்திச் சொன்ன அதே நிலை.
கொக்கியின் ஒரு தொடுகை,
பாளம் திரும்பி ஒழுங்காக அரவைக்குள் போகிறது.

முகத்தைப் பார்த்தேன்.
மீசைக்குள் நரை, இடது புருவத்தில் ஒரு வெட்டு.
அந்தப் புருவம் எனக்குப் புதுசு.

"கோல் எத்தன?" என்று கேட்டேன்.
"இன்னைக்கு நானூறு பார்.
மூணு உடஞ்சிருச்சு" என்றான்.

பேச்சில் ஒரு பாளம் தப்பி
பலகை விளிம்பு தாண்டி
என் காலைப் பார்த்து வந்தது.
எனக்குத் தெரிந்ததெல்லாம்
திடீரென்று எதிரே ஒரு முதுகு.
சட்டையில் எண் இல்லை, மீன் செதில்.

பாளம் அவன் கெண்டைக்காலில் மோதி நின்றது.
முகம் சுளித்தான் போல.
எனக்கெப்படித் தெரியும்?
திரும்பாமலே சொன்னான்:
"தள்ளி நில்லு மாப்ள, வண்டி ரிவர்ஸ் வருது."