ஸ்வல்ப கொத்து

பன்னிரண்டு வருஷமாக இந்த ஊரில்
என் முழுப்பெயர்
கன்னடா கொத்தில்லா.
கண்டக்டரிடம், கேஸ் கொண்டுவருகிறவரிடம்,
மகள் பள்ளிக்கூடத்து ஆயாவிடம்
யாரும் கேட்குமுன்னே நீட்டிவிடுவேன்.

சில்க் போர்டு நெரிசலில் ஒருநாள்
முன்னால் நின்ற பஸ்ஸின் முதுகை
நாற்பது நிமிஷம் பார்க்க வேண்டியிருந்தது.
பனசங்கரி.
எண் தெரியும், அதனால் ஊர் தெரியும்.
எழுத்தை மட்டும் ஜிலேபி என்பார்கள் எங்கள் வீட்டில்.
நானும் சிரித்திருக்கிறேன்.

அன்றைக்கு ஒன்றே ஒன்று எடுத்துக்கொண்டேன்:
க. இடுப்பில் குறுக்குக் கோடு.
மறுநாள் ர,
வட்டத்துக்கு மேல் ஒரு கொக்கி.
தலைக்கட்டு என்று அதற்குப் பெயராம்,
பக்கத்து கவுண்டர் சௌபாக்யா சொன்னாள்.
மூன்றாம் நாள் நடுவிலிருந்த சின்னச் சுழி.
பூஜ்யம் மாதிரி உட்கார்ந்துகொண்டு
ங் என்று முனகுவது அதுதான்.

பில் தாளின் பின்பக்கத்தில்,
இருமல் மருந்து கேட்டவருக்கும்
இன்சுலின் கேட்டவருக்கும் இடையில்,
நாளுக்கு ஒன்று.
ப எது வ எது என்று இன்றுவரை தடுமாற்றம்.

பிறகு காய்ச்சல், பதினோரு நாள்.
பிறகு மாமியார் வந்தார், தீபாவளி வந்தது,
படித்ததில் பாதி ஓடிப்போனது.
பழைய பெயர்
துவைத்துத் தேய்த்த சட்டைபோல்
ஆணியில் தயாராய்த் தொங்கியது.
போட்டுக்கொண்டும் பார்த்தேன்.
கழுத்தில் லேசாக இறுக்கியது.

மறுபடி க.

நேற்று மழை.
தோளில் டைல்ஸ் வெட்டும் மெஷினோடு ஒரு ஒடியாப் பையன்
வந்துகொண்டிருந்த பஸ்ஸைக் காட்டி
கஹாங், என்றான்.
எண் இருந்த பக்கம் விளக்கு எரியவில்லை.
ஹெப்பாள், என்றேன்.
ஏறிப் போய்விட்டான்.
பஸ் வளைவில் மறைந்த பிறகுதான்
படித்தது நான் என்று
எனக்கே உறைத்தது.

நிறுத்தத்துக்கு எதிரே காய்வண்டி.
மஞ்சுநாத் வழக்கம்போல் ஏதோ நீளமாகச் சொன்னார்.
என் வாயும் வழக்கம்போல்
கொத்தில், வரைக்கும் போய்
நின்றது.
ஸ்வல்ப கொத்து, என்றேன்.

அவ்வளவுதான்.
அவர் மடை திறந்த மாதிரி கொட்டத் தொடங்கிவிட்டார்:
மழை, லாரி, யாரோ ஒரு மைத்துனன்.
அத்தனையிலும் என் கைக்கு அகப்பட்டது
கொத்தம்பரி மட்டும்.
ஒரு கொத்து.
பதினைந்து ரூபாய்.