நாற்பத்தோராம் பக்கம்

குடியாத்தம் ஸ்டேஷன். பின்கட்டில் பதிவறை.
பழையதைக் கழித்துவிட்டு அறிக்கை அனுப்பு என்று
கோட்ட அலுவலகக் கடிதம்.
எனக்கு முன்பே கரையானுக்கு
உத்தரவு போயிருக்கிறது.
பார்சல் ரசீதுகளில் பாதி மண்.
மீதியில் தோல் மூட்டை, வெல்லம், தீப்பெட்டிக் கட்டு,
கைலி பேல் இருபத்தாறு,
எடை, கட்டணம், கையொப்பம்.
பொருள் போன கணக்கு சுத்தமாக இருக்கிறது.

ஆள் போன கணக்குக்கு
ஒரு புகார்ப் புத்தகம்தான் மிச்சம்.
வருஷம் ஆயிரத்துத் தொள்ளாயிரத்து இருபத்து மூன்று.
முதல் வகுப்புத் துரைக்கு
சோடா சூடாக இருந்திருக்கிறது.
சித்தூர் வக்கீலுக்கு மெத்தையில் மூட்டைப்பூச்சி.
பதில்கள் உடனுக்குடன், மன்னிப்போடு.

நாற்பத்தோராம் பக்கம் தமிழ். பென்சில்.
மிஷன் பள்ளிக்கூடத்துப் பையன் எவனோ
சொல்லச் சொல்ல எழுதியிருக்கிறான்.
குண்டு குண்டாக எழுத்து, புள்ளி ஒன்றுகூட விடவில்லை.

ஒடுகத்தூர் தாண்டவன். மூன்றாம் வகுப்பு.
கங்காணியோடு கோலார் தங்கவயலுக்குப்
பதினோரு பேர் போகிறோம்.
டிக்கெட்டுக்குக் காசு கொடுத்தோம்.
காசைக் கையில்தான் வாங்கினார்கள்.
தண்ணீர்க்காரர் மட்டும்
மூங்கில் குழாயை ஜன்னலுக்கு மேலே பிடித்தார்.
பாதி மூஞ்சியில் போச்சு, பாதி சட்டையில்.
ஆறு பேர் குடிக்கவில்லை. வண்டி நகர்ந்தது.
இதைச் சொல்ல
நான் மட்டும் இறங்கிக்கொண்டேன்.

கீழே பெருவிரல் ரேகை.
அதன்மேல் சிவப்பு மை, ஆங்கிலத்தில் ஒரே சொல்:
அற்பம்.

நகர்கிற வண்டியிலிருந்து இறங்கியிருக்கிறான்.
அடுத்த வண்டி மறுநாள்.
கையிலிருந்த டிக்கெட் செல்லாது.
கங்காணி முன்பணம் கொடுத்திருப்பான்,
தேடி வந்திருப்பான்.
தங்கவயலைப் பார்த்தானா,
ஒடுகத்தூருக்கே நடந்தானா,
நாற்பத்திரண்டாம் பக்கத்தில்
யாரோ ஒருவருடைய குடை தொலைந்திருக்கிறது, அவ்வளவுதான்.

பரீட்சையில் கேட்டிருந்தார்கள்:
இரயில்வே சாதி வேற்றுமையைக் குறைத்தது எவ்வாறு?
ஐந்து மதிப்பெண்.
ஒரே பெஞ்சு, ஒரே புகை, ஒரே குலுக்கல்,
பக்கத்தில் யார் என்று கேட்க நேரமில்லாத கூட்டம்
என்று எழுதி நாலரை வாங்கினேன்.
பொய்யில்லை.
அந்த வண்டி இல்லாவிட்டால்
பண்ணையாரின் களத்தைத் தாண்டித்
தாண்டவனுக்கு ஏது திசை?
குழாயின் நீளத்தை மட்டும் எழுதவில்லை.
அந்த அரை மதிப்பெண் அதற்குத்தான் போலிருக்கிறது.

என் சட்டையில் குத்தியிருப்பது
எ. பூங்காவனம், நிலைய அதிகாரி.
அந்த எ,
வளத்தூருக்கும் மேல்பட்டிக்கும் நடுவே
இருபத்தெட்டு வருஷம் சுத்தியலோடு நடந்த கீமேன்.
எனக்கு சல்யூட் வைக்கிறார்கள்.
நான் கொடி காட்டாமல் எந்த வண்டியும் தாண்டாது.
நாலு மணி டீ வரும்போது
மற்றவர்களுக்குக் கண்ணாடி கிளாஸ்,
மேடத்துக்குக் காகித டம்ளர்.
சுகாதாரம் என்கிறார் டீக்காரர்.
சுகாதாரமாகவும் இருக்கலாம்.

போன் அடிக்கிறது.
ஜோலார்பேட்டையிலிருந்து ஸ்பெஷல்,
மெட்ராசுக்குத் தண்ணீர், ஐம்பது வேகன், இங்கே நிற்காது.
பச்சைக் கொடியோடு வெளியே வருகிறேன்.
பிளாட்பாரக் குழாயில் மூன்று நாளாகக் காற்று.
பிளாஸ்டிக் குடம் வைத்துக்கொண்டு
பூக்காரம்மா உட்கார்ந்திருக்கிறாள்.

வருகிறது. இரும்பு வயிறு ஒவ்வொன்றும் தளும்ப
கடக்கிறது.
மூடி சரியாகப் பொருந்தாத ஏதோ ஒரு வேகன்
உயரத்திலிருந்து சிந்திக்கொண்டே போகிறது,
எங்கள் ஜல்லிமேல்,
கொஞ்சம் என் கைமேல்.

பூக்காரம்மா குடத்தை நகர்த்திப் பார்த்தாள்.
அதற்குள் கார்டு பெட்டி போய்விட்டது.

அறிக்கையில் எழுதினேன்:
கழிக்கப்பட்டவை நூற்றுப் பன்னிரண்டு கட்டு.
புகார்ப் புத்தகம் ஒன்று,
பதில் நிலுவையில் இருப்பதால்
கழிக்க இயலவில்லை.