இரண்டு புள்ளி

விளாதிவஸ்தோக். துறைமுகம் பார்த்த ஜன்னல்.
கப்பலிலிருந்து கார்கள் இறங்குகின்றன,
வலப்பக்கம் ஸ்டியரிங்கும்
பின்கதவில் இங்கே யாரும் வாசிக்காத எழுத்துமாக.
மூன்றாம் மாடியில்
வரி விளம்பரத் தாளின் பிழைதிருத்துபவள்
கப்பித்தோலினா ஒரெஸ்தவ்னா
மசி இறங்காத சிவப்புப் பேனாவை உதறுகிறாள்.

பதினொரு வருஷம்.
ஜப்பான் பெயருக்கு 'ஷி' கிடையாது என்கிறது
மேஜைக் கண்ணாடிக்கு அடியில் உள்ள அட்டை.
ஆகவே மித்சுபிஸி.
விற்க வந்தவன் மித்சுபிஷி என்று எழுதித் தருவான்,
இவள் ஒரு கோடு கிழிப்பாள்,
வியாழக்கிழமை தாள் வந்ததும் தொலைபேசி அலறும்:
"திக்குவாய் வண்டியை எவன் வாங்குவான், அம்மா?"

சுஸூகியின் வயிற்றில் ஒரு 'த்' செருகச் சொல்கிறது
அதே அட்டை.
அதை மட்டும் இவள் செய்வதில்லை.
காரணம் கேட்டால் ஜன்னலைப் பார்ப்பாள்.

ரெனோ பிடிக்கும்.
பிரெஞ்சுக்காரன் ஏழெழுத்து எழுதிவிட்டு
பாதியை மென்று விழுங்குகிறான்.
ருஷ்யனுக்கு நாலே போதும்,
வேலை செய்யாத எழுத்துக்கு இங்கே கூலியில்லை.

தொல்லை 'யோ'தான்.
தலையில் இரண்டு புள்ளி வைத்த எழுத்து.
புள்ளி போனால் 'யெ'.
அச்சில் போடமாட்டார்கள், படிவத்தில் போடமாட்டார்கள்,
தெரிந்தவன் தெரிந்து வாசிப்பான் என்று விட்டுவிடுவார்கள்.
தமிழில் புள்ளி பெற்ற எழுத்துக்கு மெய் என்று பெயர்.
இங்கே புள்ளி ஒரு தயவு.

கிளாஃபிரா வந்தபோது கோட்டில் மீன்வாடை.
பையிலிருந்து மூன்று காகிதம்:
சுங்கத்தில் ஹுந்தாய்,
பதிவுப் புத்தகத்தில் ஹெந்தே,
காப்பீட்டில் ஹ்யுந்தாய்.
"ஒரே வண்டி. சிவப்பு. என் தம்பியுடையது.
நண்டுப் படகில் போனான், கம்சாத்கா பக்கம்.
உடல் கிடைக்கவில்லை.
ஆறு மாதம் கழித்து நீதிமன்றம் இறந்தான் என்றது.
நோட்டரி கேட்கிறான்,
மூன்று வண்டியில் எந்த வண்டிக்கு நீ வாரிசு?"

மொழி தெரிந்த ஒருவர் சான்று எழுதவேண்டுமாம்.
முத்திரையோடு.

"சரியானது எது?" என்றாள் கிளாஃபிரா.
"அட்டைப்படி நாலாவது. ஹ்யோந்தே, 'யோ' போட்டு.
கொரியாவில் சொல்வது இது எதுவுமில்லை.
அந்த ஒலிக்கு நம்மிடம் எழுத்தில்லை.
உங்கள் தம்பி எப்படிச் சொல்வார்?"
கிளாஃபிரா யோசித்தாள்.
"பெயரே சொன்னதில்லை.
'அது இன்னைக்கு இருமுது' என்பான்.
'அதுக்குப் பசிக்குது, பெட்ரோல் போடணும்' என்பான்."

கப்பித்தோலினா தாளை இழுத்துக்கொண்டாள்.
ஹுந்தாய் என்று எழுதினாள். கை நின்றது.
பதினொரு வருஷம் அடித்ததை
அடிக்காமல் எழுதுவது
மாற்றுக் காலில் செருப்புப் போடுவதுபோல.
ஹெந்தே. ஹ்யுந்தாய்.
மூன்றும் ஒரே நிறுவனத்தின் பெயர்,
வேறுபாடு எழுதியவர்களுடையது,
வண்டியுடையது அல்ல.
மேலே குறிப்பிட்ட வாகனம், காலஞ்சென்ற
பர்ஃபென் லுக்கீச் அவர்களுக்கு உரியது.
முத்திரை காய ஊதினாள்.

கிளாஃபிரா இருமுறை வாசித்தாள்.
மேஜையிலிருந்த சிவப்புப் பேனாவைக்
கேட்காமலே எடுத்தாள்.
காலஞ்சென்ற என்ற சொல்லைத் தாண்டி
பெயரின் ஓர் எழுத்துக்கு மேல்
ஒன்று, இன்னொன்று,
அழுத்தி வைத்தாள்.
பர்ஃப்யோன்.
"வீட்டில் இப்படித்தான்" என்று மட்டும் சொன்னாள்.

லிஃப்ட் கீழே போகும் சத்தம்.
முத்திரை வைத்த தாளில் திருத்தம் செல்லாது என்று
சொல்லியிருக்க வேண்டும்.
நோட்டரி திருப்பி அனுப்பலாம்.
அனுப்பினால் இன்னொன்று எழுதலாம்.

மாலைக்குள் நாற்பத்திரண்டு விளம்பரம் பாக்கி.
பதினேழாவது:
ஹுந்தாய், நல்ல நிலை, ஹீட்டர் வேலை செய்யாது.
கோடு கிழித்தாள். சரியானதை மேலே எழுதினாள்.
பக்கம் கோப்பவன் எப்படியும் எடுத்துவிடுவான்,
தெரியும்,
திரும்ப வந்து
புள்ளிகளையும் வைத்தாள்.