மூன்றாம் சுருளில் ஓர் இருமல்

அவள் வாயைத்தான் எனக்குத் தெரியும்.
முகத்தை வெகுநாள் கழித்தே கவனித்தேன்.
பதினொரு ஆண்டுகள், இருபத்தாறு படங்கள்.
ரோமில் ஒரு ரொட்டிக்கடைக்குக் கீழே, நிலவறையில்,
திரையில் அவள் உதடு பிரியும் கணத்துக்காக
மூச்சைப் பிடித்து நின்றிருக்கிறேன்.
பிரிந்ததும் என் சொல்லை வைப்பேன்,
ஓடும் டிராமில் காலை வைப்பதுபோல.

சுவரொட்டியில் எல்வா ராண்டி.
தால்லினில் பிறந்தபோது ஹெல்வெ ரௌட்செப்.
"கருமான் என்று பொருளா? அந்தப் பெயரோடு
யாரை முத்தமிடப் போகிறாய்?"
என்றாராம் தயாரிப்பாளர் பொம்பிலி.

சினெச்சித்தாவுக்குள் அவள் முதலில் வந்தது
நடிக்க அல்ல.
போர் முடிந்த குளிரில் அது அகதி முகாம்.
ஐந்தாம் தளத்தில் கோணித் தடுப்புக்குள்
ஒரு கட்டில், ஒரு தகரக் கிண்ணம்,
விடிய விடிய யாருடையதோ இருமல், பிறகு அவளுடையது.
ஆறு ஆண்டு கழித்து அதே தளத்தில்
சலவைக்கல்லாய்ப் பூசிய மரத்தூண்கள் நடுவே
ராணியாக நின்றாள்.
கட்டில் கிடந்த இடத்தில் சிம்மாசனம்
என்று ஒப்பனைக்காரி நெரினா சொன்னாள்.
அவள் சிரிக்கவில்லையாம்.
குனிந்து தரையைப் பார்த்தாளாம்.

இத்தாலிய வசனம் அவள் நாக்கில் நிற்காது.
"எண்ணு, போதும். வாய் அசைந்தால் சரி" என்பார் இயக்குநர்.
எண்ணினாள்.
காதலுக்கும் சாவுக்கும் ஒரே எண்கள்:
யூக்ஸ், காக்ஸ், கோல்ம், நேலி.
அந்த மொழி எனக்குத் தெரியாது, வடிவம் தெரியும்.
ஒன்றுக்கு உதடு குவியும்,
இரண்டுக்கு வாய் திறக்கும்,
மூன்றின் முடிவில் மூடும்.
அங்கேதான் 'அமோரே'யின் மகரத்தை வைப்பேன்.
அவள் மூன்று என்றாள்.
அன்பே என்று கேட்டு
நேப்பிள்ஸ் வரைக்கும் அழுதார்கள்.

டிராமில் நான் டிக்கெட் கேட்டால் தலைகள் திரும்பும்.
கசாப்புக்கடையில் கழுத்தெலும்பு கேட்டால்
தொடைக்கறி விழும் தட்டில்.
என்னைத் தாண்டி அவளைத் தேடுவார்கள்.
என் முகத்தில் குறையொன்றும் இல்லை.
அது அவளுடையது அல்ல, அவ்வளவுதான்.

ஒரே ஒரு முறை. ஐம்பத்தெட்டு, நவம்பர்,
தெர்மினி அருகே ஒரு மருந்துக்கடை.
வரிசையில் எனக்கு முன்னால் நின்றாள்.
"இருமலுக்கு ஏதாவது" என்றாள்.
சரளைமேல் பெட்டியை இழுத்த குரல்.
கடைக்காரர் நிமிரவே இல்லை,
பெயரை எழுத்துக்கூட்டச் சொன்னார்.
ஹெல்வெ என்று கூட்டினாள்.
பேச வாயெடுத்தேன்.
என்னவென்று பேச?
எதைச் சொன்னாலும்
அவள் சொன்னதாகிவிடும்.
என் முறை வந்தபோது
ஆஸ்பிரின் டப்பாவை விரலால் காட்டினேன்.

பிறகு ராணிகள் தாயாரானார்கள்,
தாயார்கள் விஷம் வைக்கும் மாமியாரானார்கள்.
அறுபத்தைந்தில் அவள் பெயர்
அச்சகத்தின் பெயருக்குக் கொஞ்சம்தான் மேலே.
எனக்கு வேறு வாய்கள் வந்தன,
ஒரு டேனிஷ்காரி,
வசனத்தை மென்று தின்னும் ஒரு கிரேக்கப் பெண்.

இரங்கல் குறிப்பில் "தேன் குரலாள்" என்றிருந்தது.
கத்தரித்து வைத்திருக்கிறேன்.
என்னைப் பற்றி அச்சில் வந்தது அது ஒன்றுதான்.

அந்த மீனவர் படம் ஒன்று உண்டு, ஓடாத படம்.
மூன்றாம் சுருளில் படகிலிருந்து இறங்கி நடக்கிறாள்.
வசனம் இல்லை. அன்று எனக்குக் காய்ச்சல்,
ஒலிப்பதிவாளன் ஒத்தாவியோ சோம்பேறி,
படப்பிடிப்பில் பதிந்ததை அப்படியே விட்டுவிட்டான்.
மணலில் இரண்டு முறை இருமுகிறாள்.

பின்னிரவில் தொலைக்காட்சியில் போட்டால்
அடுப்பை அணைத்துவிட்டு வந்து உட்காருவேன்.
முதல் இருமல்.
இரண்டாவதற்கு ஒரு நொடி முன்னால்
என் தொண்டை தானாக எழுகிறது.
விழுங்கிக்கொள்கிறேன்.